மதுரம் அம்மாள் மூடாமல் வைத்த கொட்டகை

பதிவு இன்று கொஞ்சம் நீளம். பாதியில் டீ குடித்துவிட்டு வந்து மீதியைப் படித்தாலும் சரிதான்.

நவம்பர் 13 வந்தால் கருவடிக்குப்பம் போவது என் வழக்கம். சங்கரதாஸ் சுவாமிகள் அடங்கிய இடம் அது. தூத்துக்குடிப் பக்கம் பிறந்து, மதுரையில் பேர் எடுத்து, ஊர் ஊராக நாடகம் போட்ட மனிதர், பக்கவாதத்தில் விழுந்து 1922-இல் நம் புதுச்சேரி மண்ணில் கண்ணை மூடினார். ஆண்டுதோறும் அன்றைக்கு நாடகக்காரர்கள் திரண்டு வருவார்கள். ஆர்மோனியப் பெட்டியோடு சிலர், மிருதங்கத்தோடு சிலர். சிலர் வெறும் கையோடு வந்து ஒரு மாலையைப் போட்டு, நின்ற இடத்திலேயே ஒரு பாட்டைப் பாடிவிட்டுப் போவார்கள். வகுப்பறையில் நாற்பது நிமிஷம் சுவாமிகளைப் பற்றி நான் பேசியதைவிட அந்த ஒரு பாட்டு அதிகம் சொல்லிவிடும்.

இந்த முறை அங்கே ஓர் அம்மாவோடு பேச்சுக் கொடுத்தேன். மதுரைப் பக்கத்து ஸ்பெஷல் நாடகக்காரர். வயது ஐம்பதுக்கு மேல் இருக்கும். முப்பது வருஷமாக டான்ஸ் வேஷம். ஸ்பெஷல் நாடகம் பார்த்தவர்களுக்குத் தெரியும்: ராஜபார்ட்டும் ஸ்திரீபார்ட்டும் வருவதற்கு முன்னால் பபூனும் டான்ஸும் மேடை ஏறி, வாய்க்கு வாய் மோதி, ஊரையே சிரிக்க வைத்து உட்கார வைப்பார்கள். அந்த அம்மா கேட்டார்: "சார், எங்க வாத்தியாருக்கு இங்க வந்து மாலை போடுறோம். மெட்ராஸ் போனா கலைவாணர் சிலைக்குப் போடுறோம். ஜனங்களைச் சிரிக்க வச்ச பொம்பளைக்கு எங்க போயி சார் போடுறது?"

முப்பத்தைந்து வருஷம் பிள்ளைகளைக் கேள்வி கேட்டே பழகியவன் நான். அன்றைக்குப் பதில் வரவில்லை. பஸ்ஸில் வீடு வரும் வழியெல்லாம் மனசில் ஒரு பேர் ஓடிக்கொண்டே இருந்தது. டி.ஏ.மதுரம்.

இன்றைய பிள்ளைகளிடம் அந்தப் பேரைச் சொன்னால் "என்.எஸ்.கே. சம்சாரம்தானே" என்பார்கள். அதுவும் தெரிந்த பிள்ளைகள். என் ஆயா அப்படிச் சொல்லமாட்டார். அவர் வாயில் எப்போதும் "மதுரம் படம்"தான். தாத்தா ரோடியர் மில்லில் வேலை. ஆயாவுக்குப் பிறந்த வீடு கடலூர். 1945-இல் பிரசவத்துக்குக் கடலூர் போயிருந்தபோது ஹரிதாஸ் படம் பார்த்ததாகச் சொல்வார். திரையில் என்.எஸ்.கிருஷ்ணனும் மதுரமும் வருகிறார்கள், கொட்டகை சிரிக்கிறது. அப்போது பின்னால் உட்கார்ந்திருந்த ஒருத்தி, "பாவம்டி, அவ வீட்டுக்காரன் ஜெயில்ல கெடக்கான், இவ இங்க சிரிச்சிக்கிட்டு நிக்கிறா" என்றாளாம். அதைக் கேட்டதும் தனக்குச் சிரிப்பு நின்றுபோனது என்று ஆயா எத்தனையோ முறை சொல்லியிருக்கிறார். சின்ன வயதில் எனக்கு அது புரியவில்லை. இப்போது வரலாற்றைக் கூட்டிப் பார்க்கும்போது புரிகிறது. அந்த ஒருத்தி சொன்னதில் பாதி சரி, பாதி தப்பு. அந்த அம்மாள் சிரித்துக்கொண்டு நிற்கவில்லை.

முதலிலிருந்து வருகிறேன்.

மதுரம் 1918-இல் ஸ்ரீரங்கத்தில் பிறந்தவர். அந்தக் காலத்தில் மேடைக்கு வந்த பெண் என்றால் ஊர் பார்த்த பார்வையே வேறு. அந்தப் பார்வை பிடிக்காமலும், பெரிய நடிகர்களின் ஒழுங்கீனம் பொறுக்காமலும்தான் பலரும் பாய்ஸ் கம்பெனி நடத்தினார்கள். சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபாவும் அப்படித்தான்: ராமனும் பையன், சீதையும் பையன். (மதுரம் பிறந்ததும் அந்தச் சபா பிறந்ததும் ஒரே வருஷம் என்பதை இப்போதுதான் கவனிக்கிறேன்.) அந்தச் சபாவில் தயாரான டி.கே.எஸ். சகோதரர்கள் பிறகு சொந்தக் கம்பெனி தொடங்கினார்கள். அதில் வந்து சேர்ந்தவர்தான் நாகர்கோவில் ஒழுகினசேரிப் பையன் கிருஷ்ணன். ஆக, கருவடிக்குப்பத்தில் படுத்திருக்கும் மனிதரின் பேரப்பிள்ளை வரிசை என்றே கலைவாணரைச் சொல்லலாம். மதுரம் அந்த வரிசையில் வரவில்லை. வர முடியாது. அந்தக் கம்பெனிகளில் பெண்ணுக்கு இடமே இல்லை.

பேசும் படம் வந்ததும் கதவு திறந்தது. முதல் தமிழ்ப் பேசும் படம் காளிதாஸ் 1931-இல். நாலு வருஷம் கழித்து, 1935-இல், ரத்னாவளி படத்தில் மதுரம் நடித்தார். வயது பதினேழு. அடுத்த வருஷம் வசந்தசேனா. படப்பிடிப்பு பூனாவில். அங்கேதான் இருவரும் முதல்முதலாகச் சேர்ந்தார்கள்.

அந்தப் பூனா கதையைக் கலைவாணரைப் பற்றி எழுதிய எல்லோரும் சொல்கிறார்கள். கம்பெனிக்காரர்கள் சாப்பாட்டுச் செலவுக்குக்கூடப் பணம் தராமல் நடிகர்களைத் தவிக்கவிட்டார்களாம். முன்பின் பழக்கமில்லாத மதுரத்திடம் கிருஷ்ணன் போய்க் கேட்க, அந்தப் பெண் கையில் இருந்ததை எடுத்துக் கொடுத்ததாம். எல்லோருக்கும் அடுப்பு எரிந்ததாம். கொஞ்சம் மெருகு ஏறிய கதையாகவே இருக்கட்டும். ஆனால் பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் அது முன்னோட்டம் மாதிரி இருக்கிறது. பணமில்லாத இடத்தில் நூறு பேருக்கு வாக்குக் கொடுப்பவர் ஒருவர். அந்த வாக்கைக் காப்பாற்றப் பணம் தேடுபவர் இன்னொருவர். இருபது வருஷம் அந்த வீடு அப்படித்தான் ஓடியது.

பூனாவிலேயே கல்யாணம் முடிந்தது. ஊரில் நாகம்மை என்று ஒரு மனைவி ஏற்கெனவே இருக்கிறார் என்பதைக் கிருஷ்ணன் சொல்லவில்லை. தெரிந்ததும் மதுரம் கோபித்துக்கொண்டு பேச்சை நிறுத்திவிட்டார் என்று எழுதியிருக்கிறார்கள். பிறகு சமாதானம் ஆனார். கலைவாணர் மேல் எனக்கு எவ்வளவோ மரியாதை உண்டு. அதற்காக அந்தப் பொய்யைச் சிரிப்புக் கதையாகச் சொல்லிக் கடந்துபோக எனக்கு மனசில்லை. மேடையிலும் திரையிலும் பெண்ணுக்கு நியாயம் பேசிய மனிதர், சொந்த வீட்டில் ஒரு பதினெட்டு வயதுப் பெண்ணிடம் அதை மறைத்தார். நல்லவர்கள் செய்த தப்பையும் சேர்த்துச் சொன்னால்தான் வரலாறு.

திரையில் நடந்தது என்ன? இங்கேதான் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

அன்றைய படங்களில் நகைச்சுவை பெரும்பாலும் தனி வண்டி. கதாநாயகன் கதை ஒரு பக்கம் ஓடும். நடுநடுவே சிரிப்புப் பகுதி வரும். கிருஷ்ணன் அந்தப் பகுதியைத் தானே யோசித்து, தன் குழுவை வைத்துத் தானே எடுத்துக் கொடுப்பார். படம் படுத்தால்கூட அவர்கள் பகுதிக்காக ஜனம் வரும். அம்பிகாபதி (1937), ஆர்யமாலா (1941), கண்ணகி (1942) என்று வரிசையாகப் போனது. இருவரும் சேர்ந்து நடித்த படங்கள் நூறைத் தாண்டும். எல்லோரும் "என்.எஸ்.கே. நகைச்சுவை" என்கிறோம். அதில் பாதி மதுரத்தின் உழைப்பு. பாதி என்பதுகூடக் குறைவாக இருக்கலாம்.

ஏன் சொல்கிறேன் என்றால், கிருஷ்ணனின் நகைச்சுவை உபதேசம் கலந்தது. மூடநம்பிக்கை, சாதி, குடி, கடன் என்று எதையாவது பிடித்துக்கொண்டு பேசுவார். உபதேசம் செய்பவனைத் தனியாக நிற்கவிட்டால் என்ன ஆகும் என்று ஒரு வாத்தியாருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கடைசி பெஞ்சு தூங்கிவிடும். எதிரே ஒருத்தி நின்று "அதெப்படி?" என்று கேட்க வேண்டும். அவன் மடக்கினால் திருப்பி மடக்க வேண்டும். அவன் பாட்டில் ஒரு அடி எடுத்தால் இவள் அடுத்த அடியில் குப்புறக் கவிழ்க்க வேண்டும். மதுரம் அதைச் செய்தார். சொந்தக் குரலில் பாடினார். தடங்கல் இல்லாத பேச்சு. கண்ணை உருட்டுவது, தடுக்கி விழுவது என்ற மலிவு வேலை அவருக்குத் தேவைப்படவில்லை. அசட்டுப் பெண்ணாக நின்று அடி வாங்குகிற வேலையும் அவருடையதல்ல. பெரும்பாலும் அவர்தான் கெட்டிக்காரி.

அமெரிக்காவில் இதே காலத்தில் ஜார்ஜ் பர்ன்ஸ், கிரேஸி ஆலன் என்று ஒரு தம்பதி இருந்தார்கள். தொடக்கத்தில் கிரேஸி கேள்வி கேட்பார், ஜார்ஜ் சிரிக்க வைக்கும் பதிலைச் சொல்வார். ஆனால் ஜனங்கள் கிரேஸியின் கேள்விக்கே சிரித்தார்கள். ஜார்ஜ் புத்திசாலி, வசனங்களை மாற்றிக் கிரேஸியிடம் கொடுத்துவிட்டார். பிற்காலத்தில், திறமையெல்லாம் அவளுடையது என்று வாய்விட்டுச் சொன்னார். நம் ஊரில் அப்படிப் பங்கு பிரித்து யாரும் எழுதி வைக்கவில்லை. அதனால் நாம்தான் படம் பார்த்துக் கணக்குப் போட வேண்டியிருக்கிறது.

இனி 1944.

அந்தத் தீபாவளிக்கு ஹரிதாஸ் வெளிவந்தது. தியாகராஜ பாகவதரும் டி.ஆர்.ராஜகுமாரியும் நடித்த படம். சிரிப்புக்குக் கிருஷ்ணனும் மதுரமும். சென்னை பிராட்வே தியேட்டரில் அது மூன்று தீபாவளி கண்டது என்பது எல்லோருக்கும் தெரிந்த செய்தி. படம் வெளிவந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. நவம்பர் 8-ஆம் தேதி லட்சுமிகாந்தன் என்ற பத்திரிகைக்காரர் வேப்பேரியில் ரிக்ஷாவில் போகும்போது குத்தப்பட்டார். மறுநாள் இறந்தார். நடிகர்களின் அந்தரங்கத்தை எழுதிப் பிழைத்தவர் அவர். 'சினிமா தூது' நடத்தினார், பிறகு 'இந்துநேசன்'. டிசம்பர் கடைசியில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள்.

சென்னை உயர்நீதிமன்றத்தில் ஜூரிகள் வைத்து விசாரணை. 1945 மே மாதம் இருவருக்கும் ஆயுள் தண்டனை. அக்டோபரில் மேல்முறையீடும் தள்ளுபடி. மிச்சம் இருந்தது லண்டன் பிரிவி கவுன்சில் ஒன்றுதான். (நம் புதுச்சேரி அப்போது பிரெஞ்சுக் கொடியின் கீழ் இருந்தது. நமக்கு மேலே பாரீஸ். அவர்களுக்கு மேலே லண்டன். நாலு மைல் தாண்டினால் சட்டமே வேறு.)

இப்போது மதுரத்தின் வயதைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். இருபத்தாறு. பெற்ற ஒரே பெண் குழந்தை சிசுவிலேயே போய்விட்டது. கணவன் கொலை வழக்குக் கைதி. லண்டன் வரை வழக்கு நடத்தப் பணம் வேண்டும். ஜோடி போன நடிகையைப் படத்துக்குக் கூப்பிடுவார்களா? அவர் நடித்ததெல்லாம் இருவர் ஆட்டம். ஒற்றை ஆளாக அதை எப்படி ஆடுவது? அதோடு, கிருஷ்ணனை நம்பிச் சாப்பிட்ட நடிகர் கூட்டம் வேறு வாசலில் நிற்கிறது.

மதுரம் மேடைக்குத் திரும்பினார். என்.எஸ்.கே. நாடக சபா என்ற பேரில், சிறையில் இருக்கும் கணவன் பேரையே கொட்டகை வாசலில் எழுதி, கம்பெனி நடத்தினார். துணைக்கு எஸ்.வி.சகஸ்ரநாமம். அவரும் டி.கே.எஸ். கம்பெனியில் வளர்ந்தவர், நாடகத்தை எழுதிப் பயிற்றுவிக்கும் பொறுப்பு அவர் தலையில். கே.ஆர்.ராமசாமியும் முதலில் உடன் இருந்து, பிறகு பிரிந்துபோய் கிருஷ்ணன் நாடக சபா என்று தனியாகத் தொடங்கினார். அந்தச் சபாவுக்குத்தான் அண்ணா 'ஓர் இரவு', 'வேலைக்காரி' நாடகங்களை எழுதிக் கொடுத்தார். பிரிந்து போனவரும் கிருஷ்ணன் பேரைத்தான் வைத்தார் என்பதைப் பாருங்கள். கம்பிக்குள் இருந்த ஒரு மனிதனின் பேரில் வெளியே இரண்டு நாடகக் கம்பெனிகள்.

மதுரத்தின் கம்பெனியில் ப.நீலகண்டன் என்ற இளைஞர் 'தியாக உள்ளம்' என்று ஒரு நாடகம் எழுதினார். ஏவி.மெய்யப்பச் செட்டியார் அதைப் பார்த்தார்; பிடித்துப்போய்ப் படமாக எடுத்தார். அதுதான் 1947 தொடக்கத்தில் வந்த நாம் இருவர். சுதந்திரம் வருவதற்குச் சில மாதம் முன்னால் பாரதி பாட்டைத் தமிழ்நாடெங்கும் ஒலிக்கவிட்ட அந்தப் படத்தின் விதை, ஒரு சிறைக்கைதியின் மனைவி மூடாமல் வைத்திருந்த கொட்டகையில் முளைத்தது. சினிமா வரலாற்றுப் புத்தகங்களில் செட்டியார் பேர் வரும், நீலகண்டன் பேர் வரும். கொட்டகைக்கு வாடகை கொடுத்தது யார் என்ற வரி வராது.

நாடகக் கம்பெனி நடத்துவது என்றால் என்னவென்று இன்றைய பிள்ளைகளுக்குத் தெரியாது. ஒரு ஊரில் கொட்டகை பிடிக்க வேண்டும். சீன், படுதா, மைக், துணிப்பெட்டி எல்லாம் ரயிலில் ஏற்ற வேண்டும். ஐம்பது பேருக்கு மேல் மூணு வேளை சோறு. மழை வந்தால் வசூல் இல்லை. சோறு மட்டும் உண்டு. இதற்கு நடுவே வக்கீல்களுக்குப் பணம், சிறைக்குப் போய்ப் பார்க்கும் செலவு. ராத்திரி ஒன்பதரைக்கு மணி அடித்தால் முகத்தில் அரிதாரம் பூசிக்கொண்டு ஜனங்களைச் சிரிக்க வைக்க வேண்டும். பிராட்வேயில் அதே நேரம் ஹரிதாஸ் ஓடிக்கொண்டிருக்கிறது. திரையில் இருவரும் ஜோடியாக நின்று வாய்ச்சண்டை போடுகிறார்கள். அந்தப் படத்தின் மூன்று தீபாவளியில் இரண்டு, கணவன் உள்ளே இருந்தபோது வந்து போன தீபாவளி.

"மதுரம் ஜெயிலுக்குப் போகலதான். ஆனா தீர்ப்பு அவளுக்கும் சேத்துத்தான் எழுதுனாங்க" என்பார் ஆயா.

நாடகங்களில் ஒன்று 'பைத்தியக்காரன்'. விதவை மறுமணத்தைப் பேசிய, அந்தக் காலத்துக்குத் துணிச்சலான கதை. வழக்குச் செலவுக்காக அதைப் படமாகவே எடுக்கத் துணிந்தார்கள். கிருஷ்ணன்–பஞ்சு இயக்கம். சகஸ்ரநாமம் கதாநாயகன், மதுரத்தின் தங்கை டி.ஏ.ஜெயலட்சுமி கதாநாயகி. எம்.ஜி.ஆருக்கும் ஒரு வேஷம் உண்டு. அவர் அப்போது பெரிய நடிகர் ஆகவில்லை. படம் பாதியில் இருக்கும்போது லண்டனிலிருந்து நல்ல செய்தி வந்தது. பிரிவி கவுன்சில் வழக்கைத் திருப்பி அனுப்பியது. சென்னை உயர்நீதிமன்றம் மறுபடி விசாரித்து 1947 ஏப்ரலில் இருவரையும் விடுவித்தது. கைதான நாளிலிருந்து எண்ணினால் இரண்டு வருஷம் நாலு மாதம்.

வெளியே வந்த கிருஷ்ணனுக்கு என்று அந்தப் படத்தில் ஒரு பாத்திரத்தைச் சேர்த்தார்கள். சிறை அனுபவத்தையே பாட்டாக்கிச் சிரிக்க வைத்தார் மனிதர். அதே வருஷம்தான் பம்மல் சம்பந்த முதலியார் தலைமையில் அவருக்குக் 'கலைவாணர்' பட்டம்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்ல வேண்டும். வழக்கில் சிக்கிய நடிகர்கள் இருவர். இருவரும் ஒரே நாளில் வெளியே வந்தார்கள். கைதாகும்போது பாகவதர் உச்சத்தில் இருந்தார். விடுதலைக்குப் பிறகு எடுத்த ராஜமுக்தி (1948) ஓடவில்லை. அதற்குப் பின்னும் அவர் எழுந்திருக்கவில்லை. 1959-இல் நொந்து இறந்தார். கிருஷ்ணனோ விட்ட இடத்திலிருந்து பிடித்தார். நல்லதம்பி (1949), மணமகள் (1951), பணம் (1952), ராஜா ராணி (1956) என்று நடிப்பு, இயக்கம் எல்லாமாக நின்றார். ஏன் இந்த வித்தியாசம்? பாகவதரின் பாணிப் பாட்டுப் படங்களுக்குக் காலம் போய்விட்டது என்பார்கள். ரசனை மாறியது என்பார்கள். அது உண்மைதான். கிருஷ்ணன் புதுக் காலத்தோடு, அண்ணா, கலைஞர் எழுத்தோடு ஒத்துப்போனார் என்பார்கள். அதுவும் உண்மை. நான் இன்னொன்றையும் சேர்க்கிறேன். கிருஷ்ணன் வெளியே வந்தபோது அவருக்கு ஒரு கம்பெனி இருந்தது. நடிகர்கள் கலையாமல் இருந்தார்கள். பாதி எடுத்த படம் ஒன்று அவருக்காகக் காத்திருந்தது. அவர் பேர் கொட்டகை வாசலில் ஒரு நாள்கூட அழியவில்லை. பாகவதருக்கு ரசிகர்கள் இருந்தார்கள், லட்சக்கணக்கில். கடையைத் திறந்தே வைத்திருக்க ஒரு மதுரம் இல்லை.

பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பிள்ளை இல்லாத குறைக்கு மதுரமே தன் தங்கை வேம்புவைக் கணவருக்குக் கட்டிவைத்தார் என்று சொல்வார்கள். இந்தக் காலத்துப் பெண்கள் என் மேல் கோபப்படக் கூடாது. நான் நியாயம் சொல்லவில்லை, நடந்ததைச் சொல்கிறேன். கலைவாணரின் கை ஓட்டைக் கை. கேட்டவருக்கெல்லாம் கொடுத்தார். 1957 ஆகஸ்ட் 30-இல் 48 வயதில் அவர் இறந்தபோது வீட்டில் பெரிதாக ஒன்றும் மிஞ்சவில்லை. மதுரத்துக்கு அப்போது முப்பத்தொன்பது. இன்றைய கணக்கில் ஒரு நடிகைக்கு அது ஒன்றும் வயதல்ல. ஆனால் திரை அவரைத் தனியாக நிற்கவிடவில்லை. பெரிய பாத்திரங்கள் வரவில்லை. பதினேழு வருஷம் அப்படி இருந்து 1974-இல் போய்ச் சேர்ந்தார். நான் அப்போது பதினெட்டு வயதுப் பையன். செய்தி வந்த அன்று ஆயா ராத்திரி சாப்பிடவில்லை. எனக்கு நன்றாக நினைவிருக்கிறது, ஏனென்றால் அந்த மீன்குழம்பை நான்தான் காலி செய்தேன்.

1957-க்குப் பிறகு மதுரத்துக்கு என்ன ஆயிற்று என்பது அவர் ஒருவர் கதை மட்டும் அல்ல. அந்தக் காலச் சிரிப்பு நடிகைகள் எல்லோருமே ஜோடியில் பாதி. காளி என்.ரத்னத்தோடு சி.டி.ராஜகாந்தம் வருவார், சபாபதி (1941) பார்த்தவர்களுக்கு அந்த வேலைக்கார ஜோடி மறக்காது. தங்கவேலுவோடு எம்.சரோஜா, கல்யாணப் பரிசு (1959) ஜோடி நிஜ வாழ்விலும் தம்பதி. ஆண் இருந்தால் பெண்ணுக்கு வேஷம். ஆண் போனால் பெண்ணுக்குத் திரை இல்லை. ஜோடி இல்லாமலும் ஒரு பெண் சிரிக்க வைக்கலாம் என்று நிரூபிக்க, பள்ளத்தூரிலிருந்து ஒரு நாடகப் பெண் வர வேண்டியிருந்தது. கலைவாணர் இறந்த மறுவருஷம், 1958-இல், கண்ணதாசன் தயாரித்த மாலையிட்ட மங்கையில் மனோரமா வந்தார். நாகேஷோடு ஆடினார், சோவோடு ஆடினார், தேங்காய் சீனிவாசனோடு ஆடினார். ஒருவர் போனால் இன்னொருவர், யாரும் இல்லாவிட்டால் தனியாக. ஆயிரம் படம் தாண்டினார். ஆச்சியைப் பற்றித் தனியாக ஒரு பதிவு எழுதுகிறேன், இதில் அடங்காது.

கலைவாணருக்குச் சென்னை தியாகராய நகரில் சிலை. 1969 பொங்கல் அன்று அண்ணா திறந்து வைத்தார். உடல்நலம் குன்றிய நிலையில் அவர் கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது. கலைவாணர் பேரில் அரங்கமும் இருக்கிறது. இருக்கட்டும், அவருக்கு எவ்வளவு செய்தாலும் தகும். நாடக அம்மா கேட்ட கேள்வி மட்டும் என்னை விடவில்லை. இரண்டு நாள் பழைய புத்தகங்களைப் புரட்டிக்கொண்டிருந்தேன். அப்போதுதான் தெரிந்த விஷயம் ஒன்று புதிதாகக் கண்ணில் பட்டது. வாங்கிய காசில் கலைவாணர் சொந்த ஊரான ஒழுகினசேரியில் வீடு கட்டினார் அல்லவா? அந்த வீட்டுக்கு அப்பா பேரோ, சாமி பேரோ, தன் பேரோ வைக்கவில்லை. 'மதுர பவனம்' என்று வைத்தார்.

அந்த அம்மாவுக்குப் போன் செய்தேன். மேடை ஏறும் நேரம் போலிருக்கிறது, பின்னால் ஆர்மோனியச் சத்தம். விஷயத்தைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பதில் இல்லை.

"ஒழுகினசேரியா சார்? வடசேரிக்குப் பக்கத்துல தானே? மாசியில அந்தப் பக்கம் ஒரு கொடை நாடகம் ஒத்துக்கிட்டிருக்கேன். ஒரு முழம் மல்லிப்பூ வாங்கிட்டுப் போயி அந்த வாசல்ல வச்சிட்டு வரேன்" என்றார். அதற்குள் யாரோ கூப்பிட்டார்கள். போனை வைத்துவிட்டார்.

நம் ஊரில், முத்தியால்பேட்டையோ முதலியார்பேட்டையோ, வீட்டில் தொண்ணூறு தாண்டிய பெரியவர்கள் இருந்தால் ஒன்று கேட்டுப் பாருங்கள்: மதுரம் கம்பெனி நாடகத்தை மேடையில் பார்த்தவர்கள் யாராவது உண்டா? எந்த ஊர், எந்தக் கொட்டகை, என்ன வேஷம் என்று அவர்கள் சொல்வதை அப்படியே கீழே எழுதுங்கள். நான் நோட்டுப் புத்தகத்தில் குறித்துவைக்கிறேன்.